வாரிசு உரிமையும் வாரிசு வேலையும்

தந்தை மறைந்தால் அவர் விட்டுச் சென்ற வீடும் நிலமும் மக்களைச் சேர்கின்றன. அவர் பார்த்துவந்த அரசாங்க வேலையும் அவ்வாறே மக்களைச் சேருமா? சேரும் என்றே நம்மவருள் பெரும்பாலோர் எண்ணியிருக்கின்றனர். 'வாரிசு வேலை' என்று அதற்கு வழங்கும் பெயரே அவ்வெண்ணத்தைக் காட்டும். வட்டாட்சியர் அலுவலகத்தில் வாரிசுச் சான்றிதழ் பெற்ற அன்றே வேலை கிடைத்துவிட்டது போல மகிழ்ந்து, பின்னர் ஆண்டுக்கணக்கில் அலைந்து சோர்ந்த குடும்பங்கள் ஊர்தோறும் உள்ளன. சட்டமோ இதனைக் 'கருணை அடிப்படையிலான பணி நியமனம்' என்று அழைக்கிறது. இவ்விரு பெயர்களுக்கும் இடையே உள்ள தொலைவு சிறிதன்று. அதன் வரலாற்றை நம் கல்விச் சங்கத்தின் வெள்ளி விழா மலரில் எழுதுவது பொருத்தமே எனக் கருதுகிறேன். பிறப்பால் தொழில் வருதல் என்பதன் கொடுமையை நம் மக்களைப் போல் நெடுங்காலம் சுமந்தவர் இந்நாட்டில் வேறு எவர்?

பழவேற்காட்டு ஏரிக்கரையில் வாழ்வோர்க்குப் பிறப்புரிமையை விளக்க நூல்கள் வேண்டா. கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடுவூர் மாதாகுப்பம் ஆகிய ஊர்களில் வழங்கும் 'பாடு' முறையே போதும். ஏரியில் இறால் மிகுதியாகக் கிடைக்கும் இடங்களை வகுத்து, குலுக்கல் போட்டு, இன்ன நாளில் இன்னார் இன்ன இடத்தில் வலை இடலாம் என்று முறை வைத்துக்கொள்வது அது. (பாடு என்னும் சொல்லுக்கு உழைப்பு என்றும் துன்பம் என்றும் பொருள் உண்டு என்பதையும் நினைவிற் கொள்க.) வலியவர் ஒருவர் கையில் ஏரி சிக்காமலும், வலைக்காரர் தம்முள் பூசலிடாமலும் காத்த ஏற்பாடு அது என்பதில் ஐயமில்லை. ஆயினும் அக்குலுக்கலில் பெயர் இடம்பெற வேண்டுமானால் பட்டினவர் குலத்து ஆண்மகனாக அவ்வூர்களில் பிறந்திருத்தல் வேண்டும். அதே நீரில் இறங்கும் ஆதிதிராவிடர்க்கும், கையால் தடவி இறால் பிடிக்கும் இருளர்க்கும் அவ்வுரிமை கிடையாது. தந்தையின் பங்கு மகனுக்கு வருகின்ற ஏற்பாடு எதுவாயினும், உள்ளே இருப்பவர்க்குப் பாதுகாப்பாகவும் வெளியே நிற்பவர்க்குத் தடையாகவும் ஒரே வேளையில் அமைந்துவிடுகிறது. மீனவச் சகோதரர்களைக் குறை கூறுவதற்காக இதனைச் சொல்லவில்லை. பின்னால் வரும் வழக்குகளின் உட்பொருள் விளங்குவதற்காகவே சொல்கிறேன்.

ஏரியில் பாடு இருந்தது போல, கரையில் ஊர்ப்பதவிகள் இருந்தன. கிராம முன்சீப், கர்ணம் ஆகிய மேற்பதவிகளும், தலையாரி, வெட்டியான், நீர்க்கட்டி ஆகிய கீழ்ப்பதவிகளும் தலைமுறை தலைமுறையாகக் குடும்பத்துக்குள்ளேயே இறங்கிவந்தன. இவ்வழக்கத்துக்கு ஆங்கிலேய அரசு எழுத்து வடிவம் கொடுத்தது. சென்னை மாகாணப் பரம்பரைக் கிராமப் பதவிகள் சட்டம், 1895-ஆம் ஆண்டின் 3-ஆம் சட்டமாக நிறைவேறியது. கர்ணத்தின் மகனுக்கு அச்சட்டம் அளித்தது செல்வாக்கு. ஊர்க்கணக்கும் நிலப்பதிவும் அவன் பேனா முனையில் இருந்தன. வெட்டியான் மகனுக்கு அளித்ததோ பிணம் சுடும் வேலையும், பறையறைந்து செய்தி சொல்லும் வேலையும், அதிகாரிகள் வந்தால் முன்னும் பின்னும் ஓடும் வேலையுமே ஆகும். சிறிதளவு மானியமும் களத்தில் கிடைக்கும் சில படி நெல்லும் ஒரு குடும்பத்தை ஒரு தொழிலோடு கட்டிப்போடப் போதுமானவையாக இருந்தன.

இதனை அண்ணல் அம்பேத்கர் தெளிவாகக் கண்டார். பம்பாய் மாகாணத்தில் மகார் மக்களுக்கு 'வதன்' என்னும் பெயரில் இதே போன்ற பரம்பரை ஊழியம் இருந்தது. 1874-ஆம் ஆண்டுச் சட்டம் அதற்கு அடிப்படை. அற்ப நிலத்துக்காகவும் அற்பக் கூலிக்காகவும் ஒரு சமுதாயம் முழுவதும் அரசாங்கத்தின் கூப்பிட்ட குரலுக்கு இரவும் பகலும் காத்துக்கிடக்கிறது என்று எடுத்துக்காட்டி, 1928-இல் பம்பாய்ச் சட்ட மன்றத்தில் அவர் திருத்த மசோதா கொண்டுவந்தார். அவர் வாழ்நாளில் அம்முறை ஒழியவில்லை; 1958-ஆம் ஆண்டுச் சட்டத்தால்தான் ஒழிந்தது. தந்தையின் வேலை தனக்குக் கிடைப்பதைப் பேறு என்று பிறர் எண்ணிய காலத்தில், அதிலிருந்து விடுதலை வேண்டும் என்று கேட்ட மக்கள் நாம் என்பது மறக்கத்தக்கதன்று.

இந்திய அரசியல் சட்டத்தின் 15-ஆம் பிரிவையும் 16-ஆம் பிரிவையும் அருகருகே வைத்துப் படிப்போர் ஒரு வேறுபாட்டைக் காண்பர். சமயம், இனம், சாதி, பால், பிறப்பிடம் ஆகியவற்றை மட்டும் காரணமாக்கி வேற்றுமை பாராட்டலாகாது என்று 15-ஆம் பிரிவு கூறுகிறது. அரசுப் பணியைப் பற்றிய 16-ஆம் பிரிவின் 2-ஆம் உட்பிரிவோ இவற்றோடு 'மரபுவழி' என்னும் ஒன்றையும் சேர்த்துக்கொள்கிறது. இன்னாருக்குப் பிறந்தவன் என்பதற்காக மட்டும் ஒருவனுக்கு அரசுப் பதவி கொடுக்கவும் கூடாது, மறுக்கவும் கூடாது. மரபுவழி என்ற இந்த ஒரு சொல்லின் வலிமை 1960 டிசம்பர் 6 அன்று வெளிப்பட்டது.

குண்டூர் மாவட்டத்தில் பெரவலி என்னும் வருவாய்க் கிராமம் இரண்டாகப் பிரிக்கப்பட்டு, பெரவலிப்பாளையம் என்னும் புதிய கிராமத்துக்கு முன்சீப் பதவி ஏற்பட்டது. கோட்ட அதிகாரி காஜுல தசரதராம ராவ் என்பவரை அமர்த்தினார். பழைய முன்சீப் குடும்பத்தவரோ, 1895-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 6-ஆம் பிரிவின்படி அப்பதவி தம் குடும்பத்துக்கே உரியது என்றனர். வருவாய் வாரியமும் அவர்கள் பக்கமே தீர்த்தது. தசரதராம ராவ் நேரே உச்ச நீதிமன்றத்தை அடைந்தார். பரம்பரைப் பதவி என்பது சொத்தினைப் போன்றது, அதனைப் பொதுவான அரசுப் பணியோடு ஒப்பிடலாகாது என்று எதிர்த்தரப்பில் வாதிடப்பட்டது. நீதிமன்றம் அதனை ஏற்கவில்லை. கிராம முன்சீப் பதவியும் அரசின்கீழ் உள்ள பதவியே என்றும், மரபுவழியை மட்டும் காரணமாக்கி அதனை ஒரு குடும்பத்துக்கு ஒதுக்குவது அரசியல் சட்டத்துக்கு மாறானது என்றும் தீர்ப்பளித்தது.

தீர்ப்பு வந்தவுடன் ஊர் மாறிவிடவில்லை. தமிழகத்தில் அப்பழைய சட்டம் 1968-இல் நீக்கப்பட்டது. பழைய குடும்பங்களின் செல்வாக்கோ அதன் பின்னும் நீடித்தது. 1980 நவம்பர் 14 அன்று பகுதிநேரக் கிராம அதிகாரிகளின் பதவிகளை அடியோடு ஒழித்து எம்.ஜி.ஆர். அரசு அவசரச் சட்டம் பிறப்பித்தது; 1982-இல் உச்ச நீதிமன்றம் அதனைச் செல்லும் என்றது. அதன்பின் தேர்வு எழுதி வந்தவர்கள் கிராம நிருவாக அலுவலர்களாயினர். அவர்களுள் நம் பிள்ளைகளும் இருந்தனர். தலையாரி, வெட்டியான், நீர்க்கட்டி என்னும் பழைய பெயர்கள் 1995-இல் மறைந்து, அனைவரும் கிராம உதவியாளர் என்னும் ஒரே பெயரில் முழுநேர ஊழியர் ஆயினர்.

இங்கேதான் ஒரு வினா எழுகிறது. மரபுவழியாகப் பதவி வருவது கூடாது என்றால், பணியில் இருக்கும்போது இறந்தவரின் பிள்ளைக்கு வேலை கொடுப்பது மட்டும் எவ்வாறு செல்லும்?

தமிழ்நாட்டில் இவ்வேற்பாட்டின் அடிப்படை, மு. கருணாநிதி முதலமைச்சராக இருந்த காலத்தில், 1972 பிப்ரவரி 15 அன்று தொழிலாளர் துறை வெளியிட்ட 225-ஆம் எண் அரசாணை ஆகும். வேலைவாய்ப்பு அலுவலக வரிசைக்குக் காத்திராமல், இறந்த ஊழியரின் குடும்பத்தில் ஒருவர்க்கு வேலை வழங்க அவ்வாணை வழி செய்தது. பின்னர் ஒன்றன்பின் ஒன்றாகப் பல ஆணைகள் வந்தன. 2023-இல் அவை தமிழ்நாடு அரசின் தனி விதிகளாக வடிவம் பெற்றன. ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாக ஆணைகளைக் கொண்டே நடந்துவந்த ஒரு செய்திக்கு விதிகள் என்னும் நிலை வந்தது நன்றே.

வினாவுக்கு விடை 1993-இல் கிடைத்தது. தணிக்கைத் துறையைச் சார்ந்த ஆந்திர வழக்கொன்றில், நெருங்கிய உறவினர் என்ற காரணத்துக்காக மட்டும் வேலை கொடுப்பது 16-ஆம் பிரிவுக்கு மாறானது என்று உச்ச நீதிமன்றம் கூறியது. ஆனால் சம்பாதிப்பவர் வேறு எவரும் இல்லாத குடும்பம் திடீரென்று திக்கற்று நிற்கும்போது, மனைவிக்கோ மகனுக்கோ மகளுக்கோ வேலை கொடுப்பது செல்லும் என்றது. இங்கே வேலைக்குக் காரணம் இரத்த உறவன்று, அடுப்பு எரியாமையே என்பது அத்தீர்ப்பின் சாரம். 1994 மே மாதத்தில் அரியானா மாநிலத்து உமேஷ் குமார் நாக்பால் வழக்கில் இக்கருத்து மேலும் இறுகியது. இறப்பு ஒன்றினாலேயே வேலைக்கு உரிமை பிறந்துவிடாது. குடும்பத்தின் வறிய நிலையைப் பார்த்தல் வேண்டும். கீழ்நிலையில் உள்ள மூன்றாம், நான்காம் பிரிவுப் பணியிடங்களே இதற்கு உரியவை. காலம் கடந்து வரும் விண்ணப்பத்துக்கு இடமில்லை என்பன அத்தீர்ப்பின் கூறுகள். இந்நாள் வரை எந்த மனுவைத் தள்ளும் அதிகாரியும் முதலில் எடுத்துக்காட்டும் தீர்ப்பு இதுவே.

அதற்கு ஐந்தாண்டுகள் முன்னதாக, 1989-இல், வேறொரு குரலும் அதே மன்றத்தில் எழுந்தது. எல்லைச் சாலை அமைப்பில் பண்டகக் காப்பாளராக இருந்து 1982-இல் இறந்த ஒருவரின் மனைவி சுஷ்மா கோசைன். அவர் உடனே விண்ணப்பித்தார், தேர்விலும் அழைக்கப்பட்டார். ஆண்டுகள் சென்றன. இறுதியில், பெண்களை அமர்த்துவதில்லை என்று இடையில் வந்த ஒரு தடையைக் காட்டி மறுத்துவிட்டனர். இத்தகைய மனுக்களை ஆண்டுக்கணக்கில் கிடப்பில் போடுதல் தகாது, பணியிடம் இல்லையெனில் மிகைப் பணியிடம் ஒன்றை உருவாக்கியேனும் வேலை தர வேண்டும் என்று நீதிமன்றம் கடிந்துரைத்தது. என் கருத்தில், இவ்விரு தீர்ப்புகளையும் ஒன்றாக வைத்துப் படித்தலே நேர்மை. விரைவு என்பது குடும்பத்துக்கு மட்டும் விதிக்கப்பட்ட கடமையன்று, அலுவலகத்துக்கும் உரியது. நடைமுறையிலோ காலதாமதத்தின் பாரம் முழுவதும் குடும்பத்தின் தலையிலேயே விழுகிறது. 2023 மார்ச்சில் மேற்கு வங்க நகராட்சி ஊழியர்களின் வாரிசுகள் தொடர்ந்த வழக்கில், ஊழியர்கள் இறந்து பல ஆண்டுகள் ஆகிவிட்டமையால் உடனடித் துயர் என்னும் நிலை கடந்துவிட்டது என்று உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. அலுவலகம் உறங்கிய காலமும் அவ்வாண்டுகளில் அடங்கும் என்பதை எண்ணும்போது மனம் வருந்துகிறது.

தமிழ்நாட்டில் 1995 ஜூன் 26 நாளிட்ட 120-ஆம் எண் அரசாணை, இறந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள் விண்ணப்பிக்க வேண்டும் என்று எல்லை வகுத்தது. இம்மூன்று ஆண்டு எல்லையால் இழந்தவர் மிகப் பலர். கணவனை இழந்த பெண் துயரத்திலிருந்து மீண்டு, வாரிசுச் சான்றிதழுக்கும் வருமானச் சான்றுக்கும் பொன்னேரிக்கு நடந்து, மற்ற வாரிசுகளின் ஒப்புதல் கடிதங்களைத் திரட்டுவதற்குள்ளேயே ஓராண்டு ஓடிவிடும். பிள்ளை சிறுவன் என்றால், அவன் பதினெட்டு வயது அடையட்டும் என்று காத்திருப்பது தாயின் இயல்பு. சட்டம் காத்திருப்பதில்லை. பீகாரில் தாயை இழந்தபோது பத்து வயதினனாக இருந்த சிறுவன் ஒருவன் வளர்ந்தபின் கேட்ட வேலையை, அவன் வயதடையும் வரை பணியிடத்தை ஒதுக்கி வைக்க முடியாது என்று கூறி 2000-இல் உச்ச நீதிமன்றம் மறுத்தது. ஆகவே பிள்ளைகள் சிறியராயின் தாயே தன் பெயரில் விண்ணப்பித்தல் நன்று. அதற்கு அவளுக்கு எழுத்தறிவும் பள்ளிச் சான்றும் வேண்டும். பெண் கல்வி எதற்கு என்று கேட்டவர்களுக்கு இதனினும் நல்ல விடை எனக்குத் தெரியவில்லை. போதாக்குறைக்கு, 2001 நவம்பர் முதல் 2006 தொடக்கம் வரை தமிழக அரசு புதிய நியமனங்களை நிறுத்தி வைத்திருந்த காலத்தில் இவ்வகை மனுக்களும் உறங்கின.

மகளிரைப் பற்றி ஒரு சொல். மணமான மகன் குடும்பத்தவன், மணமான மகள் அயலாள் என்னும் பழைய எண்ணம் இவ்விதிகளிலும் புகுந்திருந்தது. சென்னை உயர் நீதிமன்றம் 2015-இலும் கர்நாடக உயர் நீதிமன்றம் 2020-இலும் அதனைச் சமத்துவத்துக்கு மாறானது என்று தள்ளின. இரண்டாம் மனைவியின் பிள்ளை என்பதற்காக வேலை மறுத்த இரயில்வேயின் சுற்றறிக்கையும் நிலைக்கவில்லை. பிறப்பைக் காட்டி அப்பிள்ளையை விலக்குவது மரபுவழி வேற்றுமையே என்று 2022 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் கூறியது. கர்ணங்களின் தனியுரிமையை உடைத்த அதே சொல் அறுபது ஆண்டுகளுக்குப் பின் தந்தையற்ற ஒரு பிள்ளைக்குத் துணை நின்றது.

அதே இரயில்வே மற்றொன்றும் செய்து பார்த்தது. தண்டவாளப் பராமரிப்பாளர் போன்ற ஊழியர்கள் விருப்ப ஓய்வு பெற்றால் அவர்தம் பிள்ளைக்கு வேலை என்னும் திட்டத்தை 2004 முதல் நடத்தியது. நம்மவர் பலர் அவ்வேலையில் உள்ளமையால் பலருக்கு அது வரமாகத் தோன்றியது. இறப்பும் இல்லை, வறுமையும் இல்லை. தந்தை இறங்க மகன் ஏறுவது மட்டுமே உண்டு. பஞ்சாப் அரியானா உயர் நீதிமன்றம் 2016-இல் இதனைக் கண்டித்தது. பின்னர்த் திட்டம் கைவிடப்பட்டது. 2021-இல் உச்ச நீதிமன்றமும் இதனைக் கொல்லைப்புற வழி என்றே கருதியது. வரிசையில் நிற்கும் ஏழைப் பிள்ளையின் இடத்தை அது பறித்தது என்பதால், கைவிட்டது சரியே என்பேன்.

நமக்கு மிக நெருக்கமான வழக்கு 2025 டிசம்பரில் முடிந்தது. தமிழ்நாட்டுப் பேரூராட்சிகளில் துப்புரவுப் பணியாளராக இருந்து இறந்த இருவரின் பிள்ளைகள், கருணை அடிப்படையில் துப்புரவுப் பணியாளராகவே அமர்த்தப்பட்டனர். தங்கள் கல்வித் தகுதிக்கு இளநிலை உதவியாளர் பதவி கிடைத்திருக்க வேண்டும் என்று சில ஆண்டுகள் கழித்து அவர்கள் வழக்குத் தொடுத்தனர். உயர் நீதிமன்றம் அவர்கள் பக்கம் நின்றது. உச்ச நீதிமன்றம் அதனை மாற்றியது. நியமனத்தை ஒருமுறை ஏற்றுக்கொண்டால் அவ்வுரிமை அத்துடன் நிறைவேறிவிட்டது, பின்னர் அதே உரிமையின் பெயரால் மேற்பதவி கேட்க இயலாது என்பது தீர்ப்பு. 1994-இல் இராசத்தான் வழக்கொன்றிலும் இவ்வாறே கூறப்பட்டிருந்தது. சட்ட நோக்கில் இதனை மறுப்பது கடினம். துயரைத் துடைக்க வந்த ஏற்பாடு பதவி உயர்வுக்கான ஏணியாக முடியாது. ஆயினும், இறந்த தந்தையின் துடைப்பத்தைப் படித்த மகன் கையில் எடுத்துக் கொடுக்கும் அந்த நாளில், அலுவலகத்தில் எவரேனும் அவன் சான்றிதழ்களைக் கேட்டுப் பார்த்தனரா என்னும் வினாவைத் தீர்ப்பு ஆற்றிவிடவில்லை. பசியில் இருப்பவன் கிடைத்ததை ஏற்பான். அவ்வேற்பே அவன் வாழ்நாள் முழுவதையும் கட்டிவிடும் என்பது அப்போது அவனுக்குத் தெரியாது. வெட்டியான் பதவியை ஒழித்த நாடு, வேறு பெயரில் அதனைத் திரும்பக் கொண்டுவர வேண்டியதில்லை. ஆகையால் விண்ணப்பத்திலேயே கல்வித் தகுதிகள் அனைத்தையும் குறித்து, எந்தப் பணியிடம் கேட்கப்படுகிறது என்பதைத் தெளிவாக எழுதி, தேதியிட்ட ஒப்புகைச் சீட்டுப் பெறுதல் இன்றியமையாதது. ஆணை கையில் வந்தபின் எழுதும் மனுவுக்கு மதிப்பில்லை.

கருணையைச் சாராமல் உரிமையாகவே வரும் வேலைகளும் உண்டு. அவற்றை நம்மவர் குறைவாகவே அறிந்திருக்கின்றனர். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின்கீழ் 1995-இல் செய்யப்பட்ட விதிகளின்படி, சாதிக் கொடுமையால் கொலையுண்டவரின் குடும்பத்துக்கு நிவாரணத் தொகையுடன் ஓய்வூதியமும், குடும்பத்தில் ஒருவர்க்கு வேலையும் வழங்கப்படல் வேண்டும். இறந்தவர் அரசு ஊழியராக இருக்க வேண்டும் என்னும் நிபந்தனை அதில் இல்லை. கழிவுநீர்க் குழியில் இறங்கி மூச்சடைத்து இறப்போர் குடும்பத்துக்கு ரூ. 10 இலட்சம் என்று 2014-இல் வகுத்த உச்ச நீதிமன்றம், 2023 அக்டோபர் 20 அன்று அதனை ரூ. 30 இலட்சமாக உயர்த்தியது. அத்துடன் நெருங்கிய உறவினர்க்கு வேலையும் பிள்ளைகளுக்குக் கல்வியும் அடங்கிய முழு மறுவாழ்வு அளிக்குமாறும் ஆணையிட்டது. அவ்வேலை மீண்டும் குழிக்குள் இறக்குவதாக இருத்தலாகாது என்று தனியே சொல்லவும் வேண்டுமோ?

இத்தனை விதிகளும் நிலையான பணியிடம் ஒன்று இருந்தால்தான் பொருள் பெறும். சென்னையில் 2000-ஆம் ஆண்டில் ஓனிக்ஸ் நிறுவனத்திடம் மூன்று மண்டலங்களின் குப்பை அகற்றும் பணி ஒப்படைக்கப்பட்டதிலிருந்து, நிலையான துப்புரவுப் பணியிடங்களின் இடத்தை ஒப்பந்த வேலை மெல்ல மெல்லப் பிடித்துவருகிறது. 2025 ஆகஸ்டில் இராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலங்களைத் தனியாருக்கு விடுவதை எதிர்த்து ரிப்பன் மாளிகை முன் நாட்கணக்கில் அமர்ந்திருந்த பெண்களை நாளிதழ்களில் கண்டோம். ஒப்பந்ததாரரின் ஆளாக இறப்பவரின் பிள்ளைக்கு 1972-ஆம் ஆண்டு ஆணையும் இல்லை, 2023-ஆம் ஆண்டு விதியும் இல்லை. எஞ்சுவன சில. வேலையின்போது நேர்ந்த விபத்தால் இறந்திருந்தால், தொழிலாளர் அரசுக் காப்பீட்டுக் கழகத்திலிருந்து சார்ந்தோர்க்கு நாட்கூலியில் 90 விழுக்காட்டு அளவில் உதவித்தொகை கிடைக்கும். வருங்கால வைப்பு நிதியோடு இணைந்த காப்பீட்டில் ரூ. 7 இலட்சம் வரை பெற இயலும். ஏரிக்கரையின் நிலையும் இத்தகையதே. ஏரியிலோ கடலிலோ உயிரிழக்கும் மீனவர்க்கு முதலாளியும் இல்லை, பணியிடமும் இல்லை. பதிவு செய்திருந்தால் விபத்துக் காப்பீடாக ரூ. 5 இலட்சம் குடும்பத்துக்கு வரும். பாடு உரிமை உள்ளவர்க்கும் இல்லாதவர்க்கும் இதில் வேற்றுமை இல்லை. வேண்டுவது பதிவு எண் ஒன்றே. ஒப்பந்தத்தில் இருப்பவர் தம் காப்பீட்டு எண், வைப்பு நிதிக் கணக்கு எண், ஒப்பந்ததாரரின் பெயர் ஆகிய மூன்றையும் ஒரு தாளில் எழுதி வீட்டில் வைத்திருக்கட்டும். அத்தாள் இல்லாத வீடுகளில் பிள்ளைகளைக் கொண்டு எழுதச் செய்யும் பணியை நம் மாலைநேரப் பள்ளிகளின் மாணவர்கள் மேற்கொள்ளலாம்.